ரூபாய்க்கு ஓரணா: அது யார் பணம்?

(புதுக்கோட்டை வட்டார ஆலைத் தொழிலாளர்களும் விவசாயத் தொழிலாளர்களும் கூடிய கூட்டத்தில் ஆற்றிய உரை)



இன்று நான் பேச எடுத்துக்கொண்ட விஷயம் பிராவிடண்ட் பண்டு, அதாவது சேமநிதி. ஆலைத் தொழிலாளிக்கு இது தெரிந்த பெயர். சம்பளச் சீட்டில் மாதாமாதம் இதற்கென்று ஒரு தொகையைப் பிடிக்கிறார்கள். விவசாயத் தொழிலாளிக்கு இது அடுத்த வீட்டு விருந்து மாதிரி. வாசனை மட்டும்தான் வருகிறது. இரண்டு பேரும் ஒன்றாக உட்கார்ந்திருக்கும் இந்தக் கூட்டத்தில் இதைப் பேசுவதுதான் பொருத்தம்.

இந்தச் சேமநிதி எப்படி வந்தது? யார் கொண்டுவந்தது? கேட்டால், இரக்கமுள்ள ஒரு முதலாளி கொடுத்தார், பிறகு சர்க்கார் பார்த்துச் சட்டமாக்கியது என்று சொல்வார்கள். இதில் எவ்வளவு உண்மை, எவ்வளவு பூச்சு என்று பார்க்க வேண்டும். வரலாற்றைத் தெரிந்துகொள்ளாதவன் தன் பணத்தையே பிறத்தியார் கொடுத்த தானம் என்று கும்பிட்டு வாங்குவான்.

களத்துமேட்டுக் கணக்கு

முதலில் சேமநிதி என்றால் என்ன என்பதை விவசாயத் தொழிலாளிக்குப் புரிகிற கணக்கில் சொல்கிறேன்.

அறுவடை முடிந்து களத்தில் கூலி அளக்கிறார்கள். எட்டுப் படி கொண்ட மரக்காலில் அளந்து போடும்போது, மரக்காலுக்கு அரைப்படி நெல்லைப் பண்ணைக்காரர் எடுத்துத் தனிக் குதிரில் போடுகிறார். "இது உன் கூலியில் பிடித்தது. என் பங்காக நானும் அரைப்படி போடுகிறேன். உனக்கு உடம்பு தளர்ந்து மண்வெட்டி பிடிக்க முடியாத காலத்தில் இந்தக் குதிர் உனக்கு" என்கிறார். நல்ல ஏற்பாடுதான். ஆனால் குதிரில் இருக்கும் நெல் யாருடையது? முதல் அரைப்படி உன் கூலி. அதில் தகராறு இல்லை. இரண்டாவது அரைப்படியும் உன் உழைப்பில் விளைந்ததுதான். இன்று அளக்க வேண்டியதை நாளைக்கு அளக்கிறார், அவ்வளவுதான். சேமநிதியில் முதலாளி போடும் பங்கு தானமல்ல, தள்ளிவைத்த கூலி.

இதை மனத்தில் வைத்துக்கொண்டு வரலாற்றுக்குள் போவோம்.

நாக்பூரில் ஒரு மில்

இந்தியாவில் இதற்கு முன்னோடி யார் என்றால் ஜாம்ஷெட்ஜி டாட்டாவைச் சொல்வார்கள். 1877 ஜனவரி 1 அன்று அவர் நாக்பூரில் எம்ப்ரஸ் மில்லைத் திறந்தார். 1886இல் அந்த மில் தொழிலாளிகளுக்கு ஓய்வூதிய நிதி ஒன்றை ஏற்படுத்தினார். 1895இல் விபத்தில் காயம்பட்டவர்களுக்கு நஷ்ட ஈடு கொடுக்கத் தொடங்கினார். அந்தக் காலத்தில் மற்ற மில் முதலாளிகள் இதைக் கனவிலும் நினைக்கவில்லை. அதை மறைக்க வேண்டியதில்லை; மனுஷன் தொலைநோக்கு உள்ளவர்.

ஆனால் அவர் எதைப் பார்த்துச் செய்தார் என்பதையும் சொல்ல வேண்டும். புதிதாக வந்த மில்லுக்கு ஆட்கள் ஒழுங்காக வருவதில்லை. கிராமத்தில் விதைப்பு வந்தால் போய்விடுவார்கள். கையில் நாலு காசு சேர்ந்தால் நின்றுவிடுவார்கள். தறியும் கதிரும் ஆளில்லாமல் நிற்கும். மிரட்டிப் பிடித்து வைப்பதைவிட, இருந்தால் லாபம் என்று காட்டிப் பிடித்து வைப்பது மேல் என்று அவர் கணக்குப் போட்டார். நிதி, பரிசு, வெகுமதி எல்லாம் அந்தக் கணக்கில் வந்தவை. ஆளை மில்லோடு கட்டிப்போடும் கயிறு அது. பட்டுக் கயிறு என்று வேண்டுமானால் சொல்லலாம்.

இன்னொரு விஷயமும் உண்டு. அந்த நிதி வருவதற்கு இரண்டாண்டு முன்பே, 1884இல், பம்பாயில் நாராயண் மேகாஜி லோகண்டே மில் தொழிலாளிகளைக் கூட்டிக் கூட்டம் போட்டார். ஜோதிராவ் பூலேயின் தோழர் அவர். 5,500க்குக் குறையாத தொழிலாளிகள் கையெழுத்திட்டு ஒரு மனுவை அரசு கமிஷனிடம் கொடுத்தார்கள். வாரம் ஒருநாள் லீவு, மத்தியானம் அரைமணி ஓய்வு, மாதச் சம்பளம் 15ஆம் தேதிக்குள், காயம்பட்டால் குணமாகும்வரை முழுச் சம்பளம், ஆயுளுக்கும் ஊனமானால் பிழைப்புக்குத் தகுந்த ஏற்பாடு என்று கேட்டார்கள்.

கடைசிக் கோரிக்கையைக் கவனியுங்கள். உழைக்க முடியாமல் போனவனுக்கு ஆலைதான் வழி செய்ய வேண்டும் என்ற எண்ணம் முதலாளியின் மூளையில் மட்டும் உதித்ததல்ல. எழுதப் படிக்கத் தெரியாத மில் தொழிலாளி கைநாட்டு வைத்துக் கேட்ட எண்ணம் அது. முன்னோடிகளின் பட்டியல் போடுகிறவர்கள் அந்தக் கைநாட்டுகளையும் சேர்த்துப் போடட்டும்.

வெளிநாட்டிலும் இதே கதைதான். ஜெர்மனியில் பிஸ்மார்க் 1878இல் சோஷலிஸ்டுகளைத் தடைசெய்தார். தடை போட்டும் தொழிலாளர் இயக்கம் அடங்கவில்லை. 1883இல் நோய்க்கு, 1884இல் விபத்துக்கு, 1889இல் முதுமைக்கு என்று வரிசையாக இன்ஷூரன்ஸ் சட்டங்கள் வந்தன. முதுமைச் சட்டத்தில் தொழிலாளி, முதலாளி, சர்க்கார் மூன்று பேரும் பணம் போட வேண்டும். உதவி கிடைக்கும் வயது 70. அந்த வயதுவரை உயிரோடு இருந்த தொழிலாளிகள் கொஞ்சம்தான். 1916இல்தான் அதை 65 ஆகக் குறைத்தார்கள். ஒரு கையில் தடியும் மறு கையில் தட்டும் ஏந்தி வந்த சட்டம் அது.

கம்பெனி வைத்த குதிர்

ஜாம்ஷெட்பூர் இரும்பாலையில் 1920இல் சேமநிதி வந்தது. அதே 1920இல் அங்கே பெரிய வேலைநிறுத்தமும் நடந்தது, துப்பாக்கிச் சூடும் நடந்தது என்பதைச் சேர்த்து நினைவில் வையுங்கள்.

சர்க்கார் உத்தியோகஸ்தருக்கும் ரயில்வே ஊழியருக்கும் அதற்கு முன்பே இப்படிப்பட்ட நிதி இருந்தது. 1897இலும் 1925இலும் அதற்குச் சட்டம் செய்தார்கள். சாதாரண மில் தொழிலாளிக்குச் சட்டம் எதுவும் இல்லை. முதலாளி இஷ்டப்பட்டால் உண்டு, இல்லாவிட்டால் இல்லை.

இஷ்டப்பட்டு வைத்த நிதியிலும் பொறிகள் இருந்தன. நிதிக்கு விதி எழுதுவது கம்பெனி. இத்தனை வருஷம் முடிப்பதற்குள் நின்றுவிட்டால் கம்பெனி பங்கு கிடையாது. ஒழுங்கு நடவடிக்கை என்று வெளியே தள்ளினால் அதுவும் கிடையாது. பத்து வருஷப் பணம் கம்பெனிப் பெட்டியில் கிடக்கும்போது சங்கத்தில் சேரவும் மேஸ்திரியை எதிர்த்துப் பேசவும் யாருக்குத் துணிச்சல் வரும்? முதுமைக்கென்று சேர்த்த பணமே வாய்க்குப் பூட்டாகிவிட்டது.

அடுத்த பொறி இன்னும் மோசம். நிதியைக் கம்பெனியே தன் வியாபாரத்தில் போட்டு வைத்துக்கொள்ளும். கம்பெனி திவாலானால் தொழிலாளியின் முதுமையும் திவால். 1936இல் கம்பெனிச் சட்டத்தைத் திருத்தியபோதுதான், இந்தப் பணத்தைத் தனியே வைக்க வேண்டும் என்று விதி செய்தார்கள்.

கேட்டு வந்த சட்டம்

இரண்டாம் உலக யுத்தம் முடிந்ததும் நாடெங்கும் வேலைநிறுத்தங்கள் அலையலையாக எழுந்தன. பஞ்சப்படி கேட்டார்கள், போனஸ் கேட்டார்கள், கிழவயதுக்கு வழி கேட்டார்கள். முதலில் நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளிக்குக் கிடைத்தது: 1948இல் சுரங்கச் சேமநிதி, போனஸ் திட்டச் சட்டம். பூமிக்கு அடியில் போனவன்தான் முதலில் மேலே பிடித்து ஏறினான்.

பிறகு 1951 நவம்பர் 15 அன்று மத்திய சர்க்கார் ஓர் அவசரச் சட்டம் போட்டது. 1952 மார்ச்சில் அது தொழிலாளர் சேமநிதிச் சட்டமாயிற்று. 1952 நவம்பர் 1 முதல் திட்டம் நடைமுறைக்கு வந்தது. முதலில் ஆறு தொழில்கள்: சிமெண்ட், சிகரெட், எஞ்சினீரிங், இரும்பு எஃகு, காகிதம், ஜவுளி. ஐம்பது பேருக்குக் குறையாமல் வேலை செய்யும் ஆலை. ஓராண்டு தொடர்ந்து வேலை செய்த தொழிலாளி. மாதம் 300 ரூபாய்க்கு மேற்படாத சம்பளம்.

நமது புதுக்கோட்டை 1948 மார்ச் 3 வரை தனிச் சமஸ்தானம். பிரிட்டிஷ் இந்தியாவில் வந்த தொழிலாளர் சட்டங்கள் இங்கே தாமாக வந்து சேரவில்லை. சமஸ்தானம் திருச்சி ஜில்லாவோடு இணைந்து நாலு வருஷம் ஆவதற்குள் இந்தச் சட்டம் வந்தது. இங்குள்ள நெசவு, நூற்பாலைத் தொழிலாளிக்கும் சேர்த்தே வந்தது.

எவ்வளவு பிடித்தார்கள்? ரூபாய்க்கு ஓரணா. அப்போது பதினாறு அணா ஒரு ரூபாய். அதாவது நூற்றுக்கு ஆறேகால். மாதம் 64 ரூபாய் வாங்கும் தொழிலாளியை எடுத்துக்கொள்ளுங்கள். அவர் பங்கு 64 அணா, அதாவது 4 ரூபாய். முதலாளி பங்கு 4 ரூபாய். மாதம் 8, வருஷத்துக்கு 96. நான் சொன்ன மரக்காலுக்கு அரைப்படியும் இதே பதினாறில் ஒன்றுதான்.

இதில் முக்கியமானது தொகை அல்ல. குதிர் கம்பெனியின் வீட்டைவிட்டு வெளியே வந்தது! முதலாளி இஷ்டம் போய்ச் சட்டத்தின் கட்டாயம் வந்தது. அதுதான் வெற்றி.

ஆனால் அந்தச் சட்டத்தை முன்வைத்த சர்க்காரே ஓர் உண்மையை ஒப்புக்கொண்டது. முன்னேறிய நாடுகளில் இருப்பதுபோல் முதியோருக்கு ஓய்வூதியம் கொடுப்பதுதான் சிறந்தது, இந்திய நிலைமையில் அது இப்போதைக்கு முடியாது, ஆகவே சேமநிதி என்று காரணம் காட்டியது. சேமநிதி அரைவழி என்பதைப் பெற்றவர்களே சொல்லிவிட்டார்கள். மகள் கல்யாணத்துக்கும் வீட்டுக் கூரைக்கும் எடுத்தது போக, கடைசியில் மொத்தமாகக் கைக்கு வரும் பணம் எத்தனை நாளைக்குக் காணும்?

கடல் கடந்த நம்மவர்கள்

இந்த ஜில்லாவிலிருந்து பர்மாவுக்கும் மலேயாவுக்கும் இலங்கைக்கும் போகாத கிராமம் குறைவு. அங்கே ரப்பர் வெட்டியவர்களுக்கும் தேயிலை கிள்ளியவர்களுக்கும் இதே காலத்தில்தான் இந்த நிதி வந்தது. மலேயாவில் 1951இல் சட்டம். தொழிலாளி நூற்றுக்கு 5, முதலாளி நூற்றுக்கு 5. இலங்கையில் 1958இல், டி.பி. இலங்கரத்ன தொழில் அமைச்சராக இருந்தபோது. தொழிலாளி நூற்றுக்கு 4, முதலாளி நூற்றுக்கு 6. 1964 ஒப்பந்தத்தின்படி தோட்டத்தைவிட்டுக் கப்பலேறி வந்த குடும்பங்கள் பலவற்றுக்கு இந்தப் பணம்தான் கையிருப்பு.

மலேயாவிலும் இலங்கையிலும் தோட்டக் கூலிக்குச் சேமநிதி உண்டு. அதே ஊர்க்காரன், அதே அப்பன் பிள்ளை, ஆலங்குடி வயலில் நின்றால் இல்லை! இந்த நியாயத்தை யாரிடம் போய்க் கேட்பது?

வளர்ந்ததும் தேய்ந்ததும்

1952க்குப் பிறகு சட்டம் வளர்ந்தது. 1960இல் ஐம்பது பேர் என்பது இருபது பேராயிற்று. 1971இல் குடும்ப ஓய்வூதியம் வந்தது. 1977இல் பீடித் தொழிலாளி உள்ளே வந்தார். ஆறேகால் என்பது படிப்படியாக ஏறி 1997இல் 12 ஆயிற்று. 1995 நவம்பரில் ஓய்வூதியத் திட்டம் வந்தது. முதலாளி பங்கில் நூற்றுக்கு 8.33 அதற்குப் போகிறது.

அந்த ஓய்வூதியக் கணக்கைத் தெரிந்துகொள்ளுங்கள். கடைசி ஐந்து வருஷச் சராசரிச் சம்பளத்தை வேலை செய்த வருஷத்தால் பெருக்கி 70ஆல் வகுக்க வேண்டும். சராசரி 14,000 ரூபாய், சர்வீஸ் 15 வருஷம் என்றால் மாதம் 3,000 ரூபாய். பத்து வருஷம் முடிக்காவிட்டால் ஓய்வூதியமே இல்லை. கணக்கில் எடுக்கும் சம்பளத்துக்கு 2014இல் வைத்த உச்சவரம்பு 15,000 ரூபாய். குறைந்தபட்ச ஓய்வூதியம் என்று அதே 2014இல் வைத்தது மாதம் ஆயிரம் ரூபாய். நாளுக்கு முப்பத்துச் சொச்சம்! ஒரு வேளைச் சாப்பாட்டுக்கு ஆகுமா என்று கடைக்காரரைக் கேளுங்கள்.

அமெரிக்காவில் என்ன ஆயிற்று என்றும் பார்க்க வேண்டும். அங்கே பெரிய கம்பெனிகளில் ஆயுள்வரை ஓய்வூதியம் இருந்தது. 1978இல் வரிச் சட்டத்தில் நானூற்று ஒன்று கே என்ற பிரிவு சேர்ந்தது. 1980இல் டெட் பென்னா என்ற ஆலோசகர் அதைக்கொண்டு ஊழியரின் சம்பளத்தில் பிடித்துச் சேமிக்கும் திட்டம் போட்டார். கம்பெனிகள் இதுதான் சமயம் என்று, ஓய்வூதியத்தைக் கைவிட்டு இந்தச் சேமிப்புக்குத் தாவின. பணம் பங்குச் சந்தையில் போடப்பட்டது. 2008இல் சந்தை விழுந்தபோது ஓய்வுபெறும் வயதில் இருந்தவர்களின் சேமிப்பு கண்முன்னே கரைந்தது. நம் சேமநிதியிலும் 2015 முதல் ஒரு பகுதி பங்குச் சந்தைக்குப் போகத் தொடங்கியது. ஆபத்தைத் தொழிலாளி தலையில் ஏற்றிவிட்டு லாபத்தைப் பற்றிப் பேசுகிறவர்களிடம் எச்சரிக்கையாக இருங்கள்.

குதிரில் ஓட்டை

தோழர்களே! சட்டம் இருக்கிறது என்று படுத்துத் தூங்கினால் எலி வந்து ஓட்டை போடும். எப்படிப் போடுகிறது என்று பாருங்கள்.

நாற்பது பேர் வேலை செய்வார்கள். பதிவேட்டில் பத்தொன்பது பேர். இருபது வந்தால்தானே சட்டம்! அரிசி மில், கல் குவாரி, செங்கல் சூளை எங்கும் கேட்கிற கதை இது. ஆதனக்கோட்டைப் பாதையோரம் புகையில் உட்கார்ந்து முந்திரி வறுத்து உடைக்கும் பெண்களுக்கு முதலாளி யார், பதிவேடு எங்கே?

அடுத்தது காண்டிராக்ட். மில்லுக்குள் வேலை, மில் மிஷின், மில் சங்கு. ஆனால் ஆள் காண்டிராக்டருடையவராம். அவர் சேமநிதி கட்டவில்லை என்றால் மில் கைவிரிக்கிறது. ஏமாறாதீர்கள்! காண்டிராக்டர் கட்டாவிட்டால் பிரதான முதலாளி கட்ட வேண்டும் என்பது விதி.

மூன்றாவது பச்சைத் திருட்டு. சம்பளத்தில் பிடிப்பார்கள், கட்டமாட்டார்கள். இது நம்பிக்கை மோசடிக் குற்றம் என்று 1973இலேயே சட்டத் திருத்தம் வந்துவிட்டது. ஊரில் ஆடு திருடினவனை உடனே பிடிக்கிறார்கள். நூறு பேரின் கிழவயதைத் திருடினவனுக்கு நோட்டீஸ் மேல் நோட்டீஸ் அனுப்பிக்கொண்டிருக்கிறார்கள்.

நான்காவது நம் பெண்பிள்ளைகளுக்கு விரித்த வலை. 2000த்துக்குப் பிறகு சுமங்கலித் திட்டம் என்ற மங்களகரமான பெயரோடு தென் ஜில்லாக் கிராமங்களில் ஏஜண்டுகள் வந்தார்கள். மூன்று வருஷம் மில் விடுதியில் இருந்தால் கல்யாணத்துக்கு மொத்தமாகத் தொகை என்றார்கள். அது என்ன தொகை? அந்தப் பெண்ணின் கூலியில் குறைத்துப் பிடித்த பணம். உடம்புக்கு முடியாமல் நடுவில் வந்துவிட்டால் அதுவும் கைக்கு வராது. கடைத்தேங்காயை எடுத்து வழிப்பிள்ளையாருக்கு உடைத்த கதை. கூலியைத் தள்ளிவைத்து ஆளைக் கட்டிப்போடும் அந்தப் பழைய கயிறுதான் தாலிக்கயிற்று வேஷத்தில் வந்தது.

ஆகவே ஆலைத் தோழர்கள் செய்ய வேண்டியது: ஒவ்வொருவரும் தம் சேமநிதி எண்ணைத் தெரிந்துவைத்துக்கொள்ளுங்கள். மாதாமாதம் பணம் ஏறுகிறதா என்று பாஸ்புத்தகத்தைப் பாருங்கள். பார்க்கத் தெரியாவிட்டால் படிக்கிற பிள்ளையைப் பார்க்கச் சொல்லுங்கள். பெயரும் பிறந்த தேதியும் சரியாக இருக்கிறதா என்று இப்போதே திருத்துங்கள். செத்தபின் பெண்டாட்டி பிள்ளைகள் அலைவதற்கு விடாதீர்கள். வாரிசு பெயர் எழுதுங்கள். சம்பளச் சீட்டைக் கிழித்துப் போடாதீர்கள், அதுதான் சாட்சி.

குதிரே இல்லாதவர்கள்

இனி விவசாயத் தொழிலாளிக்கு வருகிறேன். ஆலைக்காரருக்கு ஓட்டைக் குதிராவது உண்டு. உங்களுக்குக் குதிரே இல்லை. ஏன் என்றால், உங்களுக்கு நிலையான முதலாளி இல்லையாம். இன்று ஒரு வயல், நாளை ஒரு வயல், யாரிடம் பங்கு வசூலிப்பது என்று கேட்கிறார்கள்.

கேள்விக்குப் பதில் இருக்கிறது. கட்டடத் தொழிலாளிக்கும் நிலையான முதலாளி இல்லை. ஆனாலும் 1996இல் மத்தியச் சட்டம் வந்தது. கட்டடம் கட்டுகிறவர் செலவில் நூற்றுக்கு ஒன்று முதல் இரண்டு வரை செஸ் கட்ட வேண்டும். அது நலவாரியத்துக்குப் போகிறது. அதிலிருந்து தொழிலாளிக்கு உதவி. கொத்தனாருக்கு வழி கண்டுபிடித்தவர்களுக்கு நாற்று நடுகிறவளுக்கு வழி தெரியவில்லையா? நெல்லும் கரும்பும் கடலையும் வயலோடு நிற்பதில்லை. ஆலைக்குப் போகிறது, மண்டிக்குப் போகிறது, கைமாறும் இடமெல்லாம் லாபம் கொழிக்கிறது. அங்கே ஓரணா பிடிக்கட்டும்! சின்ன விவசாயியின் மடியில் கை வைக்க வேண்டியதில்லை.

பக்கத்துக் கேரளத்தைப் பாருங்கள். 1974இல் விவசாயத் தொழிலாளர் சட்டம் செய்து அதில் சேமநிதிக்கும் இடம் வைத்தார்கள். 1980இல் ஈ.கே. நாயனார் அமைச்சரவை விவசாயத் தொழிலாளிக்கு மாதம் 45 ரூபாய் ஓய்வூதியம் கொடுத்தது. தொகை சிறிதுதான். ஆனால் வயலில் உழைத்தவனுக்கு ஓய்வூதியம் உரிமை என்று எழுதிவைத்தார்கள்.

நம் மாநிலத்தில் 1962 ஏப்ரலில் ஆதரவற்ற முதியோருக்கு மாதம் 20 ரூபாய் உதவி தொடங்கியது. 1981இல் ஆதரவற்ற விவசாயத் தொழிலாளிக்குத் தனியாக வந்தது. 2023இல் உதவித்தொகை 1,200 ரூபாயாக உயர்ந்தது. இவை வந்தது நல்லதுதான். ஆனால் 'ஆதரவற்ற' என்ற சொல்லைக் கவனியுங்கள். நாற்பது வருஷம் ஊருக்குச் சோறு போட்டவள் தன்னை அநாதை என்று நிரூபித்தால்தான் உதவி. மகன் இருக்கிறானே என்று மனுவைத் திருப்பிவிடலாம். உழைத்த கணக்கில் வருவது உரிமை; இரக்கத்தின் கணக்கில் வருவது பிச்சை.

2019இல் மத்திய சர்க்கார் அமைப்புசாராத் தொழிலாளிக்கு ஒரு திட்டம் கொண்டுவந்தது. மாதம் 55 முதல் 200 ரூபாய் வரை கட்டினால் 60 வயதுக்குமேல் மாதம் 3,000. ஆனால் சேரும் வயது 18 முதல் 40 வரை. நாற்பதைத் தாண்டியவர் வாசலிலேயே நிற்க வேண்டியதுதான். இதில் சர்க்கார் பங்கு உண்டு. முதலாளி பங்கு எங்கே? உழைப்பை வாங்கியவன் மட்டும் தப்பித்துக்கொண்டான்.

இரண்டு கையும் சேரட்டும்

ஆலைத் தோழரே, உங்கள் தாயும் தகப்பனும் வயலில்தான் இருக்கிறார்கள். அவர்களுக்கு ஓய்வூதியம் இல்லாத குறை உங்கள் சம்பளத்தில்தான் விழுகிறது. மில் மூடினால் நீங்கள் திரும்பி வருவதும் அந்த வயலுக்குத்தான். வயல் தோழரே, உங்கள் மகளும் மகனும் மில் விடுதியில் இருக்கிறார்கள். அவர்கள் பணத்தை முதலாளி விழுங்கினால் உங்கள் கூரைதான் ஒழுகும். ஆகவே இது இரண்டு பேருடைய கோரிக்கை.

நாம் கேட்பது இவை. ஆலையில் ஆள் எத்தனை ஆனாலும் சேமநிதி கட்டாயமாக வேண்டும். பிடித்துக் கட்டாத முதலாளிமீது கிரிமினல் வழக்கு நடக்க வேண்டும். குறைந்தபட்ச ஓய்வூதியம் ஒரு மனிதன் சாப்பிட்டு மருந்து வாங்கப் போதுமானதாக, விலைவாசியோடு ஏறுவதாக இருக்க வேண்டும். விவசாயத் தொழிலாளிக்கு, விளைபொருளில் லாபம் எடுப்பவர்களிடம் செஸ் வசூலித்துத் தனி நிதி வேண்டும். அதிலிருந்து, ஆதரவற்றவர் என்ற சீட்டுக் கேட்காமல், வயது வந்த ஒவ்வொருவருக்கும் ஓய்வூதியம் வேண்டும்.

1884இல் பம்பாயில் கைநாட்டு வைத்தவர்கள், வாரம் ஒருநாள் லீவு கிடைக்குமா என்று ஆறு வருஷம் காத்திருந்தார்கள், கிடைத்தது. கிழவயதுக்குச் சட்டம் வர 68 வருஷம் ஆயிற்று, வந்தது. கேட்டவர்கள் எல்லாரும் அதை அனுபவிக்கவில்லை. ஆனால் கேட்காமல் எதுவும் வரவில்லை.

இந்தக் கோரிக்கை மனு இன்று முதல் கிராமம் கிராமமாக வருகிறது. கையெழுத்துத் தெரிந்தவர்கள் கையெழுத்துப் போடுங்கள். தெரியாதவர்கள் கைநாட்டு வையுங்கள்.